அப்பாவின் அரசாங்க வேலை பிள்ளைக்கு வருமா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மலேசியாவில், எங்கள் சுங்கை சிப்புட்டிலும் சுற்றியுள்ள தோட்டங்களிலும் ஒரு சாவு விழுந்தால், கருமக்கிரியை முடிவதற்குள் யாராவது ஒரு மாமாவோ சித்தப்பாவோ பேச்சை ஆரம்பித்துவிடுவார்: "பையனை அப்பா வேலையில போடச் சொல்லி ஒரு கடிதம் எழுதிக் கொடுங்க." இறந்தவர் ஜேகேஆரில் (பொதுப்பணி இலாகா) லாரி ஓட்டியிருப்பார், மருத்துவமனையில் அட்டெண்டனாக இருந்திருப்பார், அல்லது நகராண்மைக் கழகத்தில் வேலை பார்த்திருப்பார். கேட்பதில் தப்பில்லை. ஆனால் அந்தக் கடிதத்துக்கு அலைந்துகொண்டே உண்மையில் வரவேண்டிய பணத்தைக் கோட்டைவிடும் குடும்பங்கள் நம்மிடையே அதிகம். அதற்காகத்தான் இந்தப் பக்கம்.

மலேசியாவில் அரசாங்க ஊழியர் இறந்துவிட்டால், அவர் வேலை மனைவிக்கோ பிள்ளைக்கோ கிடைக்குமா?

கிடைக்காது. இறந்தவரின் வேலையை உறவினருக்குத் தரும் சட்டம் இங்கே இல்லை. அவர் இருந்த இடம் காலியாகிறது. அது இலாகாவின் இடம். அதை நிரப்புவதா, யாரைக்கொண்டு நிரப்புவது என்பதை பொதுச் சேவை ஆணையமோ (எல்லாரும் எஸ்பிஏ என்று சொல்வது), மாநில ஆணையமோ, ஊராட்சி மன்றமோ வழக்கமான ஆள்சேர்ப்பு முறைப்படி முடிவு செய்யும். 1980-ஆம் ஆண்டு பென்சன் சட்டத்தில் இறந்த ஊழியரின் குடும்பத்துக்கு என்னென்ன தரவேண்டும் என்று விவரமாக இருக்கிறது. அத்தனையும் பணம். வேலை அதில் வராது.

நாடாளுமன்ற உறுப்பினரிடம் கடிதம் வாங்கினாலும் இது மாறாது. அவர் கடிதம் வேறொன்றுக்கு உதவும்: எங்கோ மேசையில் தூங்கும் பென்சன் கோப்பை நகர்த்துவதற்கு. அதற்காக வேண்டுமானால் அவரைப் போய்ப் பாருங்கள்.

தமிழ்நாட்டில் கொடுக்கிறார்களே? வாட்ஸ்அப்பில் வீடியோ வந்ததே?

வந்தது உண்மைதான். இந்தியாவில் கருணை அடிப்படையில் பணி நியமனம் என்று ஒன்று இருக்கிறது. அரசு ஊழியர் பணியில் இருக்கும்போது இறந்து, குடும்பம் வருமானமில்லாமல் தவித்தால், தகுதியுள்ள ஒருவருக்குக் கீழ்நிலை வேலை ஒன்று தரலாம். தமிழ்நாட்டு வீடியோக்களில் வாரிசு வேலை என்று சொல்வது இதைத்தான்.

ஆனால் அங்கேயும் அது நாம் நினைப்பதுபோல் தானாக வருவதில்லை. மத்திய அரசின் திட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1998 அக்டோபரில் விதிகளை ஒன்றுசேர்த்து வெளியிட்டார்கள். அதன்படி கேட்கக்கூடியவர்கள் கணவன் அல்லது மனைவி, மகன், மகள். சட்டப்படி தத்தெடுத்த பிள்ளையும் இதில் சேர்த்தி. இறந்தவர் மணமாகாதவர் என்றால் அவரை நம்பியிருந்த சகோதரனோ சகோதரியோ கேட்கலாம். மருமகன், அண்ணன் மகன், பேரன் எல்லாம் பட்டியலில் இல்லை. நேரடியாக ஆள் எடுக்கும் கீழ்நிலைக் காலியிடங்களில் 5 விழுக்காடுதான் இதற்கு ஒதுக்கீடு. விண்ணப்பம் போட்டவர்களில் எந்தக் குடும்பம் அதிகம் நொடிந்திருக்கிறது என்று ஒப்பிட்டுப் பார்த்துத்தான் கொடுப்பார்கள். தமிழ்நாட்டு அரசு வேலை என்றால் இறந்த நாளிலிருந்து 3 ஆண்டுக்குள் விண்ணப்பித்திருக்க வேண்டும்.

1994-இல் உமேஷ்குமார் நாக்பால் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: திடீர் நெருக்கடியிலிருந்து குடும்பத்தைத் தூக்கிவிடத்தான் இந்த ஏற்பாடு, வேலை பரம்பரைச் சொத்து ஆகாது. அதனால்தான் பல ஆண்டு கழித்துப் போய்க் கேட்பவர்களை அங்குள்ள நீதிமன்றங்கள் திருப்பி அனுப்புகின்றன. இத்தனை நாள் சமாளித்த குடும்பத்துக்கு இப்போது என்ன அவசரம் என்று கேட்பார்கள்.

எங்கள் பெரியப்பா தமிழ்நாட்டில் அரசு வேலையில் இருந்து இறந்தார். பிள்ளை இல்லை. இங்கே இருக்கும் என் மகன் கேட்கலாமா?

முடியாது. தம்பி பேரன் அந்தப் பட்டியலிலேயே வரமாட்டார். தவிர, உங்கள் மகன் மலேசியக் குடிமகன். ஓசிஐ (வெளிநாட்டு இந்தியக் குடிமகன்) அட்டை இருக்கிறதே என்பார்கள் சிலர். இந்தியக் குடியுரிமைச் சட்டத்தின் 7பி பிரிவு அந்த அட்டைக்காரர்களுக்கு அரசு வேலைவாய்ப்பில் சம உரிமை கிடையாது என்று வெளிப்படையாகவே சொல்கிறது. பெரியப்பாவின் மனைவி உயிரோடு இருந்தால், குடும்ப ஓய்வூதியத்துக்கு அவர் அங்கே விண்ணப்பிக்கட்டும்.

முன்பெல்லாம் ஜேகேஆரிலும் ரயில்வேயிலும் அப்பா இடத்தில் பிள்ளை சேர்ந்தாரே?

பெரியவர்கள் சொல்வது பொய்யில்லை. தினக்கூலிக்கு ஆள் எடுத்த காலத்தில், மண்டோர் (மேஸ்திரி) கைகாட்டியவர் மறுநாள் மண்வெட்டியோடு நிற்பார். ரயில்வே குவார்ட்டர்ஸில் வளர்ந்த பையன் ரயில்வேக்கே போவான். ஒரே லயத்தில் (வரிசை வீடுகளில்) மூன்று தலைமுறை ஒரே இலாகாவுக்கு உழைத்த கதைகள் நம் ஊரில் உண்டு. ஆனால் அப்போதும் அது பழக்கமும் தயவும்தான், யாரும் உரிமையாகக் கேட்டு வாங்கவில்லை.

அந்த இலாகாக்களில் சில இப்போது இலாகாவே இல்லை. எல்எல்என் (தேசிய மின்சார வாரியம்) 1990-இல் தெனாகா நேஷனல் ஆனது. மலாயன் ரயில்வே 1992-இல் கேடிஎம் பெர்ஹாட் என்ற நிறுவனமானது. அங்கே வேலை காலியானால் நிறுவனம்தான் விளம்பரம் செய்யும், நிறுவனம்தான் ஆள் எடுக்கும்.

ஒன்று மட்டும் இன்றைக்கும் நடக்கிறது. சில இலாகாக்களில் குறுகிய காலத் தற்காலிக ஆளை உள்ளூரிலேயே எடுப்பார்கள். இறந்தவரோடு பழகிய அதிகாரி மனம்வைத்து, "பையனை விண்ணப்பம் போடச் சொல்லுங்க" என்று சொல்லக்கூடும். சொன்னால் போடுங்கள், நல்லதுதான். ஆனால் அது சில மாத வேலை. அதில் சேர்ந்துவிட்டோமே என்று நிரந்தர வேலைக்கு விண்ணப்பிக்காமல் இருந்துவிடாதீர்கள்.

எஸ்டேட் வேலைக்கும் இதேதானா?

எஸ்டேட் தனியார் முதலாளியுடையது, அங்கே அரசாங்க வேலைக்கான விதிகள் பொருந்தாது. செம்பனைத் தோட்டத்தில் ஆள் தேவை என்றால் மானேஜர் மகனை எடுத்துக்கொள்வார், பெரும்பாலும் தடையிருக்காது. சிக்கல் வீட்டில்தான். லயத்து வீடு வேலையோடு ஒட்டியது. வேலை செய்தவர் போய்விட்டால் வீட்டையும் கேட்பார்கள். பிள்ளை விருப்பமில்லாமலே பால்மரத்துக்கோ செம்பனைக்கோ போனதற்கு எத்தனையோ குடும்பத்தில் காரணம் இந்த வீடுதான். அவகாசம் வேண்டுமென்றால் தோட்டத் தொழிலாளர் சங்கத்தின் மூலம் எழுத்தில் கேளுங்கள். ஆபீஸ் வாசலில் நின்று வாயால் கேட்டதற்குச் சாட்சி இருக்காது.

சரி, வேலை இல்லை. அப்படியானால் குடும்பத்துக்கு என்னதான் வரும்?

இறந்தவர் நிரந்தர ஊழியர், வேலை உறுதிப்படுத்தப்பட்டவர், பென்சன் திட்டத்தில் இருந்தவர் என்றால் முக்கியமாக இரண்டு வரும். ஒன்று, பென்சென் தெர்பித்தான் என்கிற மாதாந்திர குடும்பப் பென்சன். இன்னொன்று, கஞ்சாரான் என்கிற மொத்தத் தொகை. எடுக்காமல் சேர்த்து வைத்த விடுப்புக்கும் பணம் உண்டு. ஈமச்சடங்குக்கு 3,000 வெள்ளி (ரிங்கிட்) உதவித்தொகை தனி. இறுதிச் சடங்குக்குச் செலவு செய்தவர் அதைக் கேட்கலாம், ரசீதுகளைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

கணக்கு சுலபம். கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளத்தை வேலை செய்த மாதங்களால் பெருக்கி 600-ஆல் வகுத்தால் பென்சன். 360 மாதம்வரைதான் கணக்கில் வரும். ஆக, சம்பளத்தில் ஐந்தில் மூன்று பங்குக்கு மேல் போகாது. கஞ்சாரானுக்கு அதே சம்பளத்தை மாதங்களால் பெருக்கி, அதில் 7.5 விழுக்காடு எடுக்க வேண்டும்.

2,400 வெள்ளி சம்பளத்தில் 20 ஆண்டு, அதாவது 240 மாதம் வேலை செய்தவர் என்று வைத்துக்கொள்வோம். பென்சன் மாதம் 960 வெள்ளி. கஞ்சாரான் 43,200 வெள்ளி. பையனுக்கு எடுபிடி வேலை ஒன்று வாங்கித்தரச் சொல்லி ஓராண்டு அலைந்த நேரத்தில், இந்த விண்ணப்பம் போடாமல் கிடந்தால் யாருக்கு நட்டம்?

இறந்தவர் பென்சனுக்குப் பதில் இபிஎஃப் (ஊழியர் சேமநிதி) திட்டத்தைத் தேர்ந்தெடுத்திருந்தால் மாதாந்திரப் பென்சன் கிடையாது, இபிஎஃப் பணம்தான். 2024 பிப்ரவரியிலிருந்து புதிதாகச் சேர்பவர்களையும் பென்சன் இல்லாமல் இபிஎஃப் பக்கம் கொண்டுபோக அரசாங்கம் முடிவெடுத்தது. அதனால் முதல் வேலையாக இறந்தவர் எந்தத் திட்டத்தில் இருந்தார் என்று கேளுங்கள். சம்பளச் சீட்டைப் பார்த்தாலே தெரிந்துவிடும்.

ஓய்வுபெற்ற பிறகு இறந்தால்?

அப்போதும் குடும்பப் பென்சன் உண்டு. ஓய்வின்போதே கஞ்சாரானை அவர் வாங்கியிருப்பார், அது மறுபடி வராது. பென்சன் பட்டுவாடாவை 2015 நவம்பரிலிருந்து கேடபிள்யூஏபி என்கிற ஓய்வூதிய நிதி நிறுவனம் பார்க்கிறது. இறந்த செய்தியை அங்கேதான் முதலில் சொல்ல வேண்டும்.

பிள்ளைகளுக்கு எத்தனை வயது வரை?

மணமாகாமல் இருந்தால் 21 வயது வரை. உயர்கல்வி நிலையத்தில் படித்துக்கொண்டிருந்தால் முதல் பட்டம் முடியும்வரை. உடல் அல்லது மனக் குறைபாட்டால் சொந்தமாகச் சம்பாதிக்க முடியாத பிள்ளைக்கு வயது வரம்பு இல்லை. ஆனால் மருத்துவச் சான்று கேட்பார்கள். அப்படிப்பட்ட பிள்ளை உங்கள் வீட்டில் இருந்தால், பெற்றவர் உயிரோடு இருக்கும்போதே சமூக நல இலாகாவில் பதிந்து மாற்றுத்திறனாளிகளுக்கான ஓகேயு அட்டை எடுத்து வையுங்கள். 40 வயது மகனுக்குச் சிறுவயதிலிருந்தே இந்தக் குறை இருந்தது என்று அப்பா இறந்தபின் நிரூபிக்கக் கிளம்பினால் நாக்கு தள்ளிவிடும்.

எங்கள் கல்யாணம் கோயிலில் நடந்தது, பதியவில்லை. எனக்குப் பென்சன் வருமா?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

1976-ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சீர்திருத்தச் சட்டம் 1982 மார்ச் 1-ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. அன்றிலிருந்து முஸ்லிம் அல்லாதவர்களின் திருமணம் பதிவு செய்தால்தான் சட்டப்படி திருமணம். ஐயர் வந்தார், தாலி கட்டினார், ஊரே சாப்பிட்டது என்பதெல்லாம் சட்டத்தின் கண்ணுக்குத் தெரியாது. பென்சன் சட்டம் தேடுவது சட்டப்படியான மனைவியை. 25 ஆண்டு ஒன்றாக வாழ்ந்து, நான்கு பிள்ளை பெற்று, கடைசி நாளில் மருத்துவமனையில் காலைப் பிடித்துவிட்ட பெண்ணிடம் கவுண்டரில் கேட்கும் முதல் கேள்வி திருமணச் சான்றிதழ்தான். இல்லையென்றால் விண்ணப்பம் அங்கேயே முட்டிக்கொள்ளும்.

1982 மார்ச் 1-க்கு முன்னால் வழக்கப்படி கல்யாணம் செய்தவர்கள் பயப்பட வேண்டாம். அந்தத் திருமணங்களைச் சட்டம் ஏற்றுக்கொள்கிறது. கோயில் ரசீது, பத்திரிகை, பழைய புகைப்படம், சாட்சிகளின் சத்தியப்பிரமாணம் ஆகியவற்றைச் சேர்த்துக்கொண்டு தேசியப் பதிவு இலாகாவில் விசாரியுங்கள்.

அதற்குப் பிறகு கல்யாணம் செய்து இன்னும் பதியாதவர்கள், இரண்டு பேரும் உயிரோடு இருக்கும்போதே போய்ப் பதிந்துவிடுங்கள். வெட்கப்பட ஒன்றுமில்லை. பேரப்பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு பதிவுக்கு வரும் தம்பதிகள் உண்டு. ஒருவர் இறந்தபின் இன்னொருவர் தனியாகப் போய்ப் பதிய முடியாது.

கணவர் ஏற்கெனவே இறந்துவிட்டார், பதிவு இல்லை என்றால்? உங்கள் பெயரில் நடப்பது கடினம். அதோடு சோர்ந்து உட்கார்ந்துவிடாமல், பிள்ளைகளின் பிறப்புப் பத்திரத்தில் அப்பா பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் பிள்ளைகள் பெயரில் விண்ணப்பத்தைக் கொடுங்கள். முடிவை ஜேபிஏ (பொதுச் சேவை இலாகா) சொல்லட்டும், கவுண்டரில் இருப்பவர் வாயால் சொல்வதைக் கேட்டுத் திரும்பாதீர்கள். சட்ட உதவி இலாகாவில் ஆலோசனையும் கேட்கலாம்.

முதல் மனைவி பெயரில் பதிவு இருக்கிறது, அவரோ பல ஆண்டுக்கு முன்பே பிரிந்து போய்விட்டார். கூட வாழ்ந்தது நான். யாருக்குப் பென்சன்?

நீதிமன்றத்தில் மணவிலக்கு ஆகவில்லை என்றால் சட்டத்தின் பார்வையில் அவர்தான் மனைவி. 1982-லிருந்து முஸ்லிம் அல்லாதவர் இரண்டாவதாகச் செய்யும் கல்யாணம் செல்லாது. கேட்கக் கசப்பாக இருக்கும், தெரியும். உங்கள் பிள்ளைகள் விஷயத்தில் மேலே சொன்னதைச் செய்யுங்கள்.

அண்ணன் பிள்ளையைக் கைக்குழந்தையிலிருந்து நான்தான் வளர்த்தேன். என் பென்சன் அவனுக்கு வருமா?

சட்டப்படி தத்தெடுத்திருந்தால் வரும். வெறுமனே வளர்த்திருந்தால் வராது. நம்மவர்களிடம் இது சர்வசாதாரணம்: தங்கைக்குப் பிள்ளை இல்லையென்று அக்கா தன் மூன்றாவதைத் தூக்கிக் கொடுத்துவிடுவார், ஒரு தாளும் இருக்காது. 1952-ஆம் ஆண்டுத் தத்தெடுப்புச் சட்டங்களின்படி நீதிமன்றம் மூலமோ தேசியப் பதிவு இலாகா மூலமோ பதியலாம். பிள்ளைக்கு வயது ஏறிவிட்டால் கதவு மூடிவிடும்.

மறுமணம் செய்துகொண்டால் பென்சன் நின்றுவிடுமா?

நிற்காது. முன்பு அப்படி ஒரு விதி இருந்தது, இப்போது இல்லை. அந்தப் பழைய விதியை நம்பி இளம் வயதில் கணவனை இழந்த பெண்களை மிரட்டும் உறவுக்காரர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

இறந்தது கல்யாணமாகாத என் மகன். பெற்றோருக்கு ஒன்றும் இல்லையா?

குடும்பப் பென்சன் கணவன், மனைவி, பிள்ளைகளுக்கானது. வேலையின் காரணமாகவே, பணியில் அடிபட்டு இறந்திருந்தால் பென்சென் தங்குங்கான் என்று வேறொன்று இருக்கிறது. மகனை நம்பி வாழ்ந்த தாய் தந்தையர் அதைக் கேட்கலாம். மற்றபடி ஈமச்சடங்கு உதவி, விடுப்புப் பணம், இபிஎஃப் இருந்தால் அதையும் விடாமல் கேளுங்கள்.

அம்மா அரசாங்கப் பள்ளிக்கூடத்தில் துப்புரவு வேலை செய்து இறந்தார். அவருக்கும் இதெல்லாம் உண்டா?

அம்மாவுக்குச் சம்பளம் கொடுத்தது யார் என்று பாருங்கள். பள்ளி, மருத்துவமனைத் துப்புரவும் காவலும் குத்தகைக் கம்பெனிகள் கைக்குப் போய் வெகுகாலம் ஆகிறது. வேலை செய்த இடம் அரசாங்கத்துடையது, முதலாளி கம்பெனி. அதனால் அரசாங்கப் பென்சன் இல்லை. ஆனால் சொக்சோ (தொழிலாளர் சமூகப் பாதுகாப்பு நிறுவனம்) இருக்கிறது.

சொக்சோவில் இரண்டு வழி. வேலையிடத்திலோ, வேலைக்குப் போய்வரும் வழியிலோ விபத்தில் இறந்திருந்தால் சார்ந்திருப்போர் உதவித்தொகை. அதில் துணைக்கு ஐந்தில் மூன்று பங்கு, பிள்ளைகளுக்கு ஐந்தில் இரண்டு பங்கு. நோயால் இறந்திருந்தால், போதிய சந்தா கட்டியிருக்கும் பட்சத்தில் பென்சென் பெனாக்காட் என்கிற உயிர்பிழைத்தோர் பென்சன். பல குடும்பங்களுக்கு இந்த இரண்டாவது இருப்பதே தெரியாது. "அவர் காய்ச்சலில்தானே போனார், சொக்சோ எதற்கு" என்று விட்டுவிடுகிறார்கள்.

கம்பெனி சந்தாவை ஒழுங்காகக் கட்டவில்லை என்று தெரிந்தால் அதைச் சொக்சோவிடமே புகாராகச் சொல்லுங்கள். கம்பெனிக்காரரிடம் போய்ச் சண்டை போட்டு ஆகப்போவது ஒன்றுமில்லை.

இபிஎஃப் பணம் யாருக்கு?

இறந்தவர் இன்னாருக்கு என்று பெயர் கொடுத்து வைத்திருந்தால் அவருக்கு. முஸ்லிம் அல்லாதவர் என்றால் அந்தப் பெயருக்குரியவர் பணத்துக்கே சொந்தக்காரர். முஸ்லிம் என்றால் அவர் வாங்கி வாரிசுகளுக்குப் பிரித்துக் கொடுக்கும் பொறுப்பாளர் மட்டும். கல்யாணத்துக்கு முன் அம்மா பெயரையோ அண்ணன் பெயரையோ கொடுத்துவிட்டு அப்படியே மறந்துபோனவர்கள் எக்கச்சக்கம். மனைவி இருக்க, பணம் அண்ணன் கைக்குப் போய், பேச்சுவார்த்தை நின்றுபோன குடும்பங்களை இந்த ஊரில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். ஈப்போவுக்குப் போகிற நாளில் இபிஎஃப் கிளைக்கும் ஒரு நடை போய்ப் பெயரை மாற்றிவிடுங்கள், ஐசியும் (அடையாள அட்டை) கட்டைவிரலும் போதும்.

பேப்பர் வேலையை யார் ஆரம்பிக்க வேண்டும்? என்னென்ன தேவை?

பணியில் இருக்கும்போது இறந்தால் விண்ணப்பத்தைத் தயார் செய்து ஜேபிஏ-வுக்கு அனுப்ப வேண்டியது அவர் வேலை செய்த இலாகா. குடும்பத்தின் வேலை இலாகாவிடம் தகவல் சொல்லி, கேட்கும் தாள்களைக் கொடுப்பது. மரணத்தைத் தேசியப் பதிவு இலாகாவில் 7 நாளுக்குள் பதிந்து இறப்புச் சான்றிதழ் எடுங்கள், நாலைந்து நகல் போட்டு உறுதிப்படுத்தி வையுங்கள். திருமணச் சான்றிதழ், எல்லாருடைய ஐசி, பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம், படிக்கிற பிள்ளைக்குக் கல்லூரிக் கடிதம், வங்கிக் கணக்கு விவரம் ஆகியவை அடிப்படை.

இந்தத் தாள்களில் பெயர் எழுத்து ஒன்றுக்கொன்று பொருந்துகிறதா என்று ஒப்பிட்டுப் பாருங்கள். பழைய தோட்டத்துப் பிறப்புப் பத்திரங்களில் கிராணி (குமாஸ்தா) காதில் விழுந்தபடி எழுதியிருப்பார். ஐசியில் முனியாண்டி, மகன் பத்திரத்தில் முனியண்டி, கல்யாணச் சான்றிதழில் அப்பன் பெயரே மாறியிருக்கும். ஒரே ஆள்தான் என்று சத்தியப்பிரமாணக் கடிதம் ஒன்று முன்கூட்டியே எடுத்துவிட்டால் ஒரு மாத அலைச்சல் மிச்சம்.

இலாகாவில் எந்தக் கிராணியிடம் என்றைக்குக் கொடுத்தீர்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். ஒப்புதல் முத்திரை கேளுங்கள். அவர் மாற்றலாகிப் போனால் கோப்பு அநாதையாகிவிடும்.

அப்பாவின் ஏடிஎம் கார்டு என்னிடம் இருக்கிறது, பின் நம்பரும் தெரியும். எடுக்கலாமா?

எடுக்காதீர்கள். இறந்தவர் கணக்கில் இருப்பது வாரிசுகள் எல்லாருக்குமான சொத்து. நாளைக்கு உங்கள் தங்கை புருஷன் கணக்குக் கேட்பார். இறந்த மாதத்துக்குப் பிறகும் பென்சன் கணக்கில் விழுந்தால் அது திருப்பிக் கட்ட வேண்டிய பணம்.

அவர் எடுத்த கடன்களை யார் கட்டுவது?

அரசாங்க வீட்டுக் கடனுக்குக் காப்புறுதி எடுத்திருப்பார், அது தீர்க்கும். சம்பளத்தில் பிடித்துவந்த கூட்டுறவுக் கடனுக்கும் பலவற்றில் காப்பு உண்டு, கேட்டுப் பாருங்கள். குடும்பப் பென்சனைக் கடன்காரர் கைவைக்க முடியாது. ஜாமீன் கையெழுத்துப் போட்டவர் நீங்கள் என்றால் அது தனிக் கதை.

குவார்ட்டர்ஸை உடனே காலி செய்யச் சொல்கிறார்கள். பிள்ளைகளின் பள்ளி நடுவில் நிற்கிறதே?

பள்ளித் தவணை முடியும்வரையாவது அவகாசம் வேண்டும் என்று இலாகாத் தலைவருக்கு எழுத்தில் கேளுங்கள். இறப்புச் சான்றிதழ் நகலையும் பள்ளிக் கடிதத்தையும் இணைத்துக் கொடுங்கள். துயரத்தில் இருக்கும் குடும்பத்தின் நியாயமான கடிதத்துக்குப் பொதுவாக முகம் சுளிக்கமாட்டார்கள். கடிதமே கொடுக்காமல் இருப்பவர்களுக்குத்தான் நோட்டீஸ் வரும்.

பையனுக்கு அரசாங்க வேலை வேண்டும் என்றால் என்ன செய்ய?

எல்லாரையும் போல விண்ணப்பிக்க வேண்டும். எஸ்பிஏ-வின் இணையத்தளத்தில் பதிவது இலவசம். பதிவு காலாவதியாகும், அதனால் புதுப்பிக்க மறக்கக்கூடாது. ஆசிரியர் வேலைக்குக் கல்விச் சேவை ஆணையம், மாநில வேலைக்கு மாநில ஆணையம். குவாலா கங்சார் நகராண்மைக் கழகம் போன்ற ஊராட்சி மன்றங்கள் தாங்களே விளம்பரம் செய்யும். எஸ்பிஏ-வில் மட்டும் பதிந்துவிட்டு "கூப்பிடவே இல்லை" என்று சொல்வதில் பயனில்லை.

நம் பிள்ளைகள் அதிகம் தடுக்கி விழுவது மலாய்மொழியில். எஸ்பிஎம் (ஐந்தாம் படிவத் தேர்வு) தகுதியில் எடுக்கும் நிரந்தர வேலைக்கு மலாய்மொழியில் கிரெடிட் கேட்பார்கள். கணிதமும் அறிவியலும் நன்றாக இருந்து, இந்த ஒன்று வெறும் பாஸாக நின்றதால் கதவருகே நிற்பவர்கள் பலர். மலாய்மொழித் தாளை மட்டும் மறுபடி எழுதலாம், அந்தத் தேர்வு தனியாக நடக்கிறது. அப்பா இறந்த அந்த ஆண்டில் பையனை டியூஷனுக்கு அனுப்புவது, யாரோ ஒருவரின் கடிதத்துக்கு அலைவதைவிட எவ்வளவோ மேல். பென்சன் வருவதே பிள்ளைகள் படித்து முடிக்கத்தான். 21 வயது தாண்டிப் படிக்கிற பிள்ளையை நிறுத்தி வேலைக்கு அனுப்பினால் அவன் பங்குப் பென்சனும் சேர்ந்து நிற்கும்.

ஒருவர் 5,000 வெள்ளி கொடுத்தால் அப்பா இடத்திலேயே போட்டுத் தருகிறேன் என்கிறார். கொடுக்கலாமா?

இல்லாத ஒன்றை அவர் விற்கிறார். கஞ்சாரான் வந்திருக்கிறது என்று மோப்பம் பிடித்துத்தான் வருவார்கள், பெரும்பாலும் நமக்குத் தெரிந்த முகமாகவே இருக்கும். 2009-ஆம் ஆண்டு ஊழல் தடுப்புச் சட்டத்தின்படி லஞ்சம் வாங்குவது போலவே கொடுப்பதும் குற்றம். ஆக, ஏமாந்த பிறகு போலீசுக்குப் போகவும் உங்களுக்குத் தயக்கமாக இருக்கும். அவருடைய தைரியமே அதுதான்.

வீடும் கொஞ்சம் நிலமும் இருக்கின்றன. பென்சன் வாங்குபவருக்கே அதுவும் போகுமா?

போகாது, அது வேறு கணக்கு. உயில் இல்லாமல் இறந்த முஸ்லிம் அல்லாதவரின் சொத்து 1958-ஆம் ஆண்டுப் பங்கீட்டுச் சட்டப்படி பிரியும். துணை, பிள்ளைகள், பெற்றோர் மூவரும் இருந்தால் துணைக்குக் கால் பங்கு, பிள்ளைகளுக்கு அரை, பெற்றோருக்குக் கால். பெற்றோர் இல்லையென்றால் துணைக்கு மூன்றில் ஒன்று, மீதி பிள்ளைகளுக்கு. நிலம் சேர்ந்த சிறிய சொத்துக்கு மாவட்ட நில அலுவலகம் வழியாகவே பங்கீட்டு விசாரணை கேட்கலாம், வக்கீல் கட்டாயமில்லை. பணம், வாகனம் மட்டும் என்றால் அமானா ராயா என்ற அரசு அறங்காவல் நிறுவனத்திடம் போகலாம்.

தாத்தா பாட்டி பெட்டியையும் ஒருமுறை கிளறிப் பாருங்கள். 1960-இல் துன் சம்பந்தன் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தில், தோட்டங்கள் துண்டாடப்பட்ட அந்தக் காலத்தில், மாதம் பத்துப் பத்து வெள்ளியாகக் கட்டிப் பங்கு வாங்கியவர்கள் நம் தோட்டங்களில் ஏராளம். உறுப்பினர் இறந்துவிட்டார் என்று யாருமே சங்கத்துக்குத் தெரிவிக்காமல் அந்தப் பங்குகள் அப்படியே கிடக்கக்கூடும். பழைய புத்தகமோ ரசீதோ கிடைத்தால் உறுப்பினர் எண்ணையும் இறப்புச் சான்றிதழையும் எடுத்துக்கொண்டு சங்கத்தில் விசாரியுங்கள்.